முதலில் கழற்றுங்கள், பிறகு மூடலாம்

(விஆர் கண்ணாடி பயன்படுத்தும் மூத்த குடியிருப்பாளர்களுக்காக ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

மழையென்றும் பாராமல் வந்திருக்கிறீர்கள். குடையை நாற்காலிக்குக் கீழே வைத்துவிட்டு வசதியாக உட்காருங்கள்.

நான் மருத்துவரும் இல்லை, தாதியும் இல்லை. சுகாதாரக் கையேடுகளைத் தமிழில் மொழிபெயர்ப்பது என் வேலை. நீரிழிவு, இரத்த அழுத்தம், தடுப்பூசி என்று உங்கள் கைக்கு வரும் துண்டுப் பிரசுரங்களின் தமிழ்ப் பக்கம் புரியவில்லை என்றால், திட்டு வாங்க வேண்டியவர்களில் நானும் ஒருத்தி. இன்று இங்கே நிற்பதற்குக் காரணமே அப்படி வாங்கிய ஒரு திட்டுதான்.

துடிப்புடன் மூப்படைதல் நிலையம் ஒன்றுக்காக, விஆர் கண்ணாடியைப் பயன்படுத்தும் முறை பற்றிய ஒரு பக்கக் குறிப்பை மொழிபெயர்த்திருந்தேன். விளையாட்டு உறைந்து நின்றுவிட்டால் அதை எப்படி நிறுத்துவது என்று ஆங்கிலத்தில் இருந்தது. நான் அகராதியை நம்பி, “விளையாட்டிலிருந்து வலுக்கட்டாயமாக வெளியேறவும்” என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். சில வாரங்கள் கழித்து அந்த நிலையத்துக்குப் போனபோது ஓர் ஆன்ட்டி அந்தத் தாளை என் முன்னே நீட்டினார். “ஏம்மா, வலுக்கட்டாயமா வெளியேறணும்னு போட்டிருக்கே, யாரு யாரை வெளியேத்துறது? எதையாவது இழுத்து உடைச்சுட்டா யாரு காசு கொடுக்கிறது?” என்று கேட்டார். பக்கத்தில் இருந்த எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வீட்டுக்குப் போகும் வழியில்தான் யோசித்தேன். உடைந்துவிடுமோ என்ற பயத்தில், தலைசுற்றிய பிறகும் ஒருவர் அந்தக் கண்ணாடியை மாட்டிக்கொண்டே இருந்தால் என்ன ஆகும்? அந்தப் பயத்துக்கு என்னுடைய ஒரு வரியும் காரணமாக இருந்திருக்கலாம்.

அதனால் இன்று அந்த ஒரு வரியை மட்டும் திருத்தமாகச் சொல்லப் போகிறேன்.

விஆர் கண்ணாடியை இதுவரை பார்க்காதவர்களுக்காகச் சுருக்கமாக. மெய்நிகர் காட்சிகளைக் காட்டும் கருவி இது. நீச்சல் கண்ணாடியைப் பெரிதாக்கியதுபோல் இருக்கும். கண்களை முழுவதும் மூடிக்கொள்ளும். உள்ளே இரண்டு வில்லைகள், அவற்றுக்குப் பின்னால் திரை. தலையைத் திருப்பினால் காட்சியும் திரும்பும். முன்பெல்லாம் இதை ஒரு பெரிய கணினியுடன் கம்பியால் இணைக்க வேண்டும். இப்போது வருபவற்றில் கணினி, மின்கலம் எல்லாம் கண்ணாடிக்குள்ளேயே இருப்பதால் தனியாகவே இயங்கும். மெட்டா நிறுவனத்தின் குவெஸ்ட் வகைதான் பரவலாகக் கிடைக்கிறது. 2020ல் வந்த குவெஸ்ட் 2, 2023ல் வந்த குவெஸ்ட் 3 ஆகியவற்றைச் சில வீடுகளில் பேரப்பிள்ளைகளிடம் பார்த்திருப்பீர்கள். நான் சொல்லப்போகும் பொத்தான்களும் அந்த வகைக் கருவிகளுக்கு உரியவை. இரண்டு கைகளுக்கும் ஒவ்வொரு கைப்பிடி உண்டு. அவற்றைக் கொண்டுதான் பந்தைப் பிடிப்பதும் மீனைத் தொடுவதும்.

இனி ஒரு சம்பவம். எந்த இடம் என்று சொல்லப் போவதில்லை.

ஓர் அங்கிள், வயது எழுபதுக்கு மேல், வெப்பக்காற்றுப் பலூனில் பறக்கும் காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஐந்து நிமிடத்தில் அவருக்கு வயிற்றைப் புரட்டியது. நெற்றி வியர்த்தது. ஆனால் எதுவும் சொல்லவில்லை. ஏன் என்று பிறகு கேட்டதற்கு, “அந்தப் பிள்ளை மெனக்கெட்டு மாட்டிவிட்டுச்சு, பாதியில கழட்டுனா மனசு கஷ்டப்படுமேன்னு பார்த்தேன்” என்றார். நம் ஆட்களுக்கே உரிய பண்பு இது. ஒரு வழியாகத் தாங்க முடியாமல் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு, கழிவறைப் பக்கம் போய்விட்டார்.

அடுத்து ஓர் ஆன்ட்டி வந்தார். மேசைமேல் இருந்த கண்ணாடியை எடுத்து மாட்டினார்கள். முதலில் ஒரு பூந்தோட்டம் வரும் என்று அவரிடம் சொல்லியிருந்தார்கள். வந்ததோ நடுவானம். காலுக்குக் கீழே பல நூறு அடிப் பள்ளம். அங்கிள் கழற்றினாரே தவிர, விளையாட்டை யாரும் மூடவில்லை. ஆன்ட்டி அலறிக்கொண்டு பின்னால் நகர்ந்தார். நாற்காலியின் கையில் இடுப்பை இடித்துக்கொண்டார். நல்லவேளை, கன்றிப்போனதோடு முடிந்தது. நின்றுகொண்டு மாட்டியிருந்தால் கதை வேறாகியிருக்கும். நம் வயதில், மன்னியுங்கள், உங்கள் வயதில், இடுப்பெலும்பு முறிவது சின்ன விஷயம் இல்லை.

இந்த இரண்டு பேருக்கும் நடந்ததை ஒன்றாக வைத்துப் பாருங்கள். அங்கிள் கழற்ற வேண்டிய நேரத்தில் கழற்றவில்லை. கழற்றிய பிறகு மூட வேண்டியதை யாரும் மூடவில்லை. கண்ணாடிக்கு உள்ளே, இரண்டு கண்களுக்கும் நடுவே, ஒரு சிறிய உணரி இருக்கிறது. முகம் விலகினால் அது திரையை உறங்கவைக்கும். மறுபடி முகம் நெருங்கினால் விட்ட இடத்திலிருந்தே காட்டும். தொலைக்காட்சியை அணைப்பதுபோல் அல்ல இது. நாடகம் ஓடும்போது திரைச்சீலையை இழுத்துவிடுவதுபோல். சீலைக்குப் பின்னால் மேடை அப்படியே காத்திருக்கும்.

ஆகவே கழற்றுவது ஒரு வேலை, மூடுவது இன்னொரு வேலை. உடம்புக்கு ஒவ்வாதபோது முதல் வேலை மட்டும்தான் உங்களுடையது. இரண்டாவதை நிதானமாகச் செய்யலாம், அல்லது வேறொருவர் செய்யலாம். தலைசுற்றும்போது திரையில் எந்தப் பொத்தான் என்று தேடிக்கொண்டிருக்கவே கூடாது. தேடத் தேட மயக்கம் கூடும்.

கழற்றும் விதத்தைச் சொல்கிறேன். முதலில் கண்களை மூடிக்கொள்ளுங்கள். இதைப் பலரும் மறந்துவிடுகிறார்கள், ஆனால் காட்சியிலிருந்து வெளியேற மிக விரைவான வழி நம் இமைகள்தான். அதற்கு எந்தப் பொத்தானும் தேவையில்லை. “போதும்” என்று சத்தமாகச் சொல்லுங்கள். கைப்பிடிகளை மடியில் வையுங்கள். மணிக்கட்டில் பட்டை இருப்பதால் நழுவினாலும் கீழே விழாது. பிறகு இரண்டு கைகளாலும் கண்ணாடியின் முன்பகுதியைப் பிடித்து, முகத்திலிருந்து முன்னோக்கி இழுத்து, அப்புறம் மேலே தூக்குங்கள். நேராக மேலே இழுத்தால், உள்ளே நீங்கள் போட்டிருக்கும் மூக்குக்கண்ணாடி மாட்டிக்கொண்டு மூக்கைக் கீறும். காதுக் கருவி அணிபவர்கள் பின்பட்டையைக் காதுக்கு மேலாக விலக்கிவிட்டு எடுங்கள்.

கழற்றிய உடனே எழுந்திருக்காதீர்கள். கண்களைத் திறந்து, அசையாத ஏதாவது ஒன்றை, சுவர்க் கடிகாரத்தையோ கதவையோ, சற்று நேரம் பாருங்கள். பாதங்கள் இரண்டும் தரையில் பதிந்திருக்கட்டும்.

இந்தத் தலைசுற்றல் ஏன் வருகிறது? கண் சொல்கிறது, “நாம் பறந்துகொண்டிருக்கிறோம்” என்று. காதின் உட்பகுதியில் நம் உடல் சமநிலையைக் கவனிக்கும் உறுப்பு இருக்கிறது. அது சொல்கிறது, “இல்லையே, நாற்காலியில்தானே உட்கார்ந்திருக்கிறோம்” என்று. இரண்டு சாட்சிகளும் வேறு வேறாகச் சொன்னால் நீதிபதி குழம்புவதுபோல் மூளை குழம்புகிறது. படகிலும் நீண்ட பேருந்துப் பயணத்திலும் சிலருக்குக் குமட்டுவது இதே காரணத்தால்தான். மன உறுதி குறைவு என்று இதற்கு அர்த்தம் இல்லை. கப்பலில் வேலை பார்த்தவருக்கும் வரும். பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்தால் சரியாகிவிடும் என்று நினைப்பது தவறு. அப்போது அது இன்னும் மோசமாகத்தான் ஆகும். உமிழ்நீர் அதிகம் சுரப்பது, கொட்டாவி, குளிர்ந்த வியர்வை, கண் வலி இவற்றில் ஏதாவது ஒன்று தொடங்கினாலே கழற்றிவிடுங்கள்.

சிலருக்குக் கழற்றிய பின்பும் இது நீடிக்கும். சில மணி நேரம் கழித்து அதிகமாகத் தெரிவதும் உண்டு. ஆகையால் தலை தெளியும்வரை மின்படியில் ஏறுவதோ, சாலையைக் கடப்பதோ, வாகனம் ஓட்டுவதோ, அடுப்படியில் கொதிக்கும் எண்ணெயோடு நிற்பதோ வேண்டாம். இரத்த அழுத்தத்துக்கு மருந்து சாப்பிடுபவர்களில் சிலருக்குச் சட்டென்று எழுந்தால் ஏற்கெனவே தலை கிறுகிறுக்கும். அவர்கள் இருமடங்கு நிதானமாக எழுந்திருக்க வேண்டும்.

இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். முகம் ஒரு பக்கம் கோணுவது, ஒரு கை அல்லது கால் வலுவிழப்பது, பேச்சுக் குழறுவது, நெஞ்சு வலி, மூச்சுத் திணறல், நினைவு தப்புவது ஆகியவை விஆர் கண்ணாடியால் வரும் சாதாரண மயக்கம் அல்ல. “கண்ணாடி மாட்டியதால்தான் இப்படி” என்று காத்திருக்காமல் உடனே 995ஐ அழையுங்கள்.

சரி, இப்போது மூடுவதற்கு வருவோம். கண்ணாடியைக் கழற்றி, தலை தெளிந்து, தேநீரும் குடித்தாயிற்று. விளையாட்டு இன்னும் உள்ளே காத்திருக்கிறது. நீங்களே மூட விரும்பினால் மறுபடி மாட்டித்தான் மூட வேண்டும். விருப்பமில்லை என்றால் நிலையத்தில் இருப்பவரிடம், “நான் மூடவில்லை” என்று ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். அந்த வார்த்தை அந்த ஆன்ட்டியின் இடுப்பைக் காப்பாற்றியிருக்கும்.

மாட்டி மூடுபவர்கள் உட்கார்ந்துகொண்டே செய்யுங்கள். வலது கைப்பிடியின் முகப்பில் ஒரு சின்னம் பொறித்த பொத்தான் இருக்கும். புதிய கருவிகளில் எட்டாம் எண்ணைப் படுக்கவைத்ததுபோல் இருக்கும். கொஞ்சம் பழையவற்றில் நீள்வட்டமாக இருக்கும். அதை ஒரு முறை அழுத்தி விட்டுவிடுங்கள். விளையாட்டு பின்னுக்குப் போய், கண் முன்னே ஒரு பலகை வரும். அழுத்திப் பிடித்துக்கொண்டே இருந்தால் பலகை வராது; காட்சிதான் உங்கள் முகத்துக்கு நேராகத் திரும்பும். அதுவும் சில சமயம் உதவும், ஆனால் இப்போது நமக்கு வேண்டியது அது இல்லை.

பலகையில் ஆங்கிலத்தில் இரண்டு சொற்களைப் பார்க்கலாம். ‘ரெஸ்யூம்’ என்றால் விளையாட்டைத் தொடர்வது. ‘குவிட்’ என்றால் முடித்துவிடுவது. கைப்பிடியிலிருந்து ஒரு கோடு நீளும். அதை ‘குவிட்’ மேல் வைத்து, சுட்டுவிரல் பொத்தானை அழுத்துங்கள். “நிச்சயமாகவா?” என்று மறுபடி கேட்டால், மறுபடியும் அதையே அழுத்துங்கள். கருவியின் மென்பொருள் புதுப்பிக்கப்படும்போது பலகையின் தோற்றம் மாறுகிறது. போன மாதம் இடப்பக்கம் இருந்தது இந்த மாதம் கீழே போயிருக்கலாம். சில தோற்றங்களில் சொல்லுக்குப் பதிலாக ஒரு பெருக்கல் குறி மட்டும் இருக்கும். உங்களுக்கு மறதி வந்துவிட்டதோ என்று பயப்படாதீர்கள். மாறியது பலகைதான்.

இடது கைப்பிடியிலும் ஒரு பொத்தான் உண்டு, மூன்று கோடுகள் போட்டது. அது அந்தந்த விளையாட்டின் சொந்தப் பட்டியலைத் திறக்கும். ஆட்டத்தைச் சற்று நிறுத்திவைக்க அது போதும், கருவியின் முகப்புக்குத் திரும்ப வலது கைதான். கைப்பிடி இல்லாமல் வெறும் கையால் இயக்கினால், வலது உள்ளங்கையை முகத்துக்கு நேராகக் காட்டி, பெருவிரலையும் சுட்டுவிரலையும் சேர்த்துக் கிள்ளுங்கள். அதே பலகை வரும். விரல் மூட்டு வலி உள்ளவர்களுக்கு இது சிரமம், கைப்பிடியே மேல்.

இனி அந்த ‘வலுக்கட்டாயம்’. படம் அசையாமல் நின்றுவிட்டது, எதை அழுத்தினாலும் பதில் இல்லை என்று வைத்துக்கொள்வோம். தலையைத் திருப்பினாலும் படம் கூடவே ஒட்டிக்கொண்டு வந்தால் உடனே வயிற்றைப் புரட்டும். எனவே இதற்கும் முதல் வேலை கழற்றுவதே. பெரும்பாலும் விளையாட்டு மட்டும்தான் உறைந்திருக்கும். கருவி நன்றாகவே இருக்கும். தெளிந்த பிறகு மாட்டி, வலது கைப் பொத்தானை அழுத்தினால் பலகை வந்துவிடும், ‘குவிட்’ கொடுத்துவிடலாம். அதற்கும் அசையவில்லை என்றால் கண்ணாடியை மேசைமேல் வைத்துவிட்டு, அதன் பக்கவாட்டில் உள்ள மின்பொத்தானை அழுத்திப் பிடியுங்கள். சில விநாடிகளில் உள்ளே அணைப்பதற்கும் மறுபடி தொடங்குவதற்கும் தெரிவுகள் வரும். அதுவும் வராவிட்டால் விடாமல் பத்து விநாடிக்கு மேல், தேவையானால் அரை நிமிடம்கூட, திரை இருளும்வரை பிடித்துக்கொண்டிருங்கள். பிறகு அதே பொத்தானை அழுத்தினால் கருவி புதிதாகத் தொடங்கும். அவ்வளவுதான். இழுப்பதும் இல்லை, உடைப்பதும் இல்லை. ‘கட்டாய மூடல்’ என்று அடுத்த பதிப்பில் மாற்றிவிட்டேன். அதுவும் எனக்கு முழுத் திருப்தி இல்லை. கேட்காத பிள்ளையிடம் கண்டிப்பாகச் சொல்வதுபோல், அழுத்தமாகச் சொல்லி மூடுவது, அதுதான் பொருள்.

இதனால் நஷ்டம் என்ன? கடைசியாகச் சேமித்த இடத்துக்குப் பிறகு எடுத்த புள்ளிகள் போகலாம். கருவிக்கு ஒன்றும் ஆகாது. கருவியை உண்மையிலேயே கெடுக்கக்கூடியது வேறு. சன்னலோரம் வைத்து, வில்லைகள்மேல் வெயில் பட்டால் உள்ளே திரை கருகிவிடும். பூதக்கண்ணாடியால் காகிதத்தை எரிப்போமே, அதே கதைதான். கழற்றியதும் வில்லைகள் வெளிச்சத்தைப் பார்க்காதபடி வையுங்கள். அதற்கும் கீழே போடுவதற்கும் பயப்படுங்கள்; பொத்தானுக்குப் பயப்பட வேண்டாம்.

தொடங்குவதற்கு முன்பு சிலவற்றை உறுதிசெய்தால் அவசரமாக மூட வேண்டிய நிலையே குறையும். சக்கரம் இல்லாத, கைவைத்த நாற்காலியில் உட்காருங்கள். தயாரிப்பாளரின் பாதுகாப்புக் குறிப்பு, ஒவ்வொரு 30 நிமிடத்துக்கும் 10 முதல் 15 நிமிடம் ஓய்வெடுக்கச் சொல்கிறது, தேவையில்லை என்று தோன்றினாலும்கூட. முதல் தடவைக்கு ஐந்து நிமிடமே தாராளம் என்பது என் எண்ணம். காட்சி தானாக நகரும் பலூனையும் ரோலர் கோஸ்டரையும் விட்டுவிட்டு, நீங்கள் இருக்கும் இடத்திலேயே இருந்து பார்க்கும் தோட்டம், மீன்தொட்டி போன்றவற்றில் தொடங்குங்கள். இதயமுடுக்கி பொருத்தியவர்கள், வலிப்பு, இதய நோய், அடிக்கடி தலைசுற்றல் உள்ளவர்கள், அண்மையில் கண் அறுவை செய்துகொண்டவர்கள், முதலில் உங்கள் மருத்துவரிடம் கேளுங்கள். கருவியில் உள்ள காந்தமும் வானொலி அலைகளும் இதயமுடுக்கியையும் காதுக் கருவியையும் பாதிக்கக்கூடும்.

பின்வரிசையில் நிற்கும் தொண்டூழியர்களுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் ஒரு வேண்டுகோள். தாத்தா பாட்டி பார்ப்பதைக் கைப்பேசித் திரையிலும் காட்டும் வசதி இருக்கிறது. அதை இயக்கிவைத்தால் “வலப்பக்கம் பாருங்கள், அதுதான்” என்று வழி சொல்லலாம். கண்ணாடிக்குள் இருப்பவரை முன்னறிவிப்பின்றித் தொடாதீர்கள். பேரைச் சொல்லி, “தோளைத் தொடுகிறேன்” என்று சொல்லிவிட்டுத் தொடுங்கள். “இன்னும் கொஞ்சம் பாருங்கள், நல்லா இருக்கும்” என்று ஒருபோதும் வற்புறுத்தாதீர்கள். மரியாதைக்காகப் பொறுத்துக்கொள்வார்கள். அந்த அங்கிளைப் போல. ஒருவர் முடித்ததும் ‘குவிட்’ கொடுத்து, முகப்புக்குக் கொண்டுவந்து, உள்விளிம்பைத் துடைத்துவிட்டு அடுத்தவருக்குக் கொடுங்கள்.

இந்த மேசையில் இரண்டு கருவிகள் இருக்கின்றன. இரண்டும் அணைத்தேதான் இருக்கின்றன. இன்று எதையும் பார்க்கப் போவதில்லை. மாட்டுவது, கண்களை மூடுவது, “போதும்” என்று சொல்வது, முன்னோக்கி இழுத்துக் கழற்றுவது, இவ்வளவு மட்டும் ஆளுக்கு மூன்று தடவை செய்து பார்ப்போம். “போதும்” என்பது கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டும். முன்வரிசையில் சிவப்புச் சட்டை போட்ட ஐயா, நீங்களே தொடங்குங்களேன்.